அப்பா ஏன் சிரித்தார்?

வாசகர் கடிதம்:

எனக்கு 7 வயதில் ஒரு மகளும் 11 வயதில் ஒரு மகனும் இருக்கிறார்கள். நானும் என் கணவரும் சிறுவயதில் விழுந்து விழுந்து சிரித்துப் பார்த்த ஒரு கார்ட்டூன் தொடரைப் பிள்ளைகளும் பார்க்கட்டும் என்று போன மாதம் ஆசையாகப் போட்டுக் காட்டினோம். நடுவில் ஒரு பாத்திரம் பேசிய வசனத்தைக் கேட்டு என் கணவர் அடக்கமாட்டாமல் சிரித்துவிட்டார். அப்போதுதான் எனக்கும் உறைத்தது, அது அப்பட்டமான இரட்டை அர்த்த வசனம். "அப்பா ஏன் சிரிக்கிறார்?" என்று மகள் கேட்டாள். நான் பாய்ந்து போய்த் தொலைக்காட்சியை அணைத்துவிட்டேன். மகன் ஒரு மாதிரியாகச் சிரித்துக்கொண்டே எழுந்து போனான். அன்றிரவு இணையத்தில் தேடினால், குழந்தைகள் கார்ட்டூன்களில் ஒளிந்திருக்கும் ஆபாசங்கள் என்று பட்டியல் பட்டியலாக வருகிறது. மறுநாள் முதல் வீட்டில் கார்ட்டூனே கிடையாது என்று சொல்லிவிட்டேன். மகள் விடுவதாயில்லை, தினமும் அதையே கேட்கிறாள். போதாக்குறைக்கு, வீட்டுக்கு வந்தவர்கள் முன்னால் அந்த வசனத்தை அட்சரம் பிசகாமல் சொல்லிக் காட்டினாள். எனக்கு உடம்பே கூசிவிட்டது. அவள் மனம் கெட்டுவிட்டதா? குழந்தைகள் பார்க்கும் படத்தில் இதையெல்லாம் ஏன் வைக்கிறார்கள்? அவளுக்கு நான் என்ன பதில் சொல்வது?

குழந்தைகள் மனநல ஆலோசகரின் பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் மகளின் மனம் கெடவில்லை. இதை நான் ஆறுதலுக்காகச் சொல்லவில்லை. உங்கள் கடிதத்திலேயே இதற்குச் சாட்சி இருக்கிறது. நீங்களும் உங்கள் கணவரும் இதே தொடரைச் சிறுவயதில் பார்த்திருக்கிறீர்கள். இதே வசனத்தைக் கேட்டிருக்கிறீர்கள். இத்தனை ஆண்டுகள் கழித்து, போன மாதம்தான் அதன் இன்னொரு பொருள் உங்களுக்கு எட்டியிருக்கிறது. அன்று உங்கள் காதில் விழுந்தது எதுவோ, அதுவேதான் இன்று உங்கள் மகளின் காதிலும் விழுந்திருக்கிறது.

ஒரு சிலேடையைக் கேட்டுச் சிரிக்க வேண்டுமானால் மனம் மூன்று வேலைகளைச் செய்ய வேண்டும். சொல்லின் இரண்டு பொருளும் தெரிந்திருக்க வேண்டும். இரண்டையும் ஒரே நேரத்தில் மனத்தில் நிறுத்த வேண்டும். சொல்பவர் ஒன்றைச் சொல்வதுபோல் காட்டி வேறொன்றைக் குறிக்கிறார் என்பதையும் ஊகிக்க வேண்டும். பிறர் மனத்தில் தன் மனத்தில் இல்லாத நினைப்பு இருக்க முடியும் என்பது பெரும்பாலான குழந்தைகளுக்கு 4 வயதையொட்டித்தான் பிடிபடத் தொடங்குகிறது. 'அவர் இப்படி நினைப்பார் என்று இவர் நினைக்கிறார்' என்ற இரண்டாவது அடுக்குக்கு 6, 7 வயதாகிவிடும். சொல் விளையாட்டும் விடுகதையும் ருசிக்கத் தொடங்குவது ஏறக்குறைய அப்போதுதான். உங்கள் மகள் இப்போது விடுகதைகளாகக் கொண்டு வந்து உங்களைத் தொல்லை செய்கிறாள் என்றால் அதற்குக் காரணம் இதுதான். குத்தலாக, சொல்லுக்கு நேர்மாறாகப் பேசுவதில் உள்ள நகைச்சுவை இன்னும் தாமதமாக வருகிறது.

ஆகவே இரண்டாவது, மூன்றாவது வேலைகளுக்கு அவள் ஓரளவு தயார். முதலாவதுக்குத்தான் அவளிடம் சரக்கு இல்லை. பாம்புக்கும் எள்ளுக்கும் பொருந்துகிற ஒரு சிலேடை வெண்பாவை, எள்ளைக் கண்ணால் பார்த்திராத ஒருவரிடம் படித்துக் காட்டினால் அவருக்கு அது வெறும் பாம்புப் பாட்டுதான். எத்தனை முறை படித்தாலும் அதிலிருந்து எள் உதிராது.

பிறகு ஏன் அவள் அதைப் பிடித்துக்கொண்டாள்? நீங்கள் பாய்ந்ததால்தான். கோபித்துக்கொள்ளாதீர்கள், அந்த நொடியில் பெரும்பாலான தாய்மார்கள் இதைத்தான் செய்வார்கள். ஆனால் அவள் இருந்த இடத்திலிருந்து பாருங்கள். கார்ட்டூனில் நூறு வசனங்கள் வந்தன. தொண்ணூற்றொன்பது வந்து போய்விட்டன. ஒன்றுக்கு மட்டும் அப்பா சிரித்தார், அம்மா முகம் மாறினாள், தொலைக்காட்சி அணைந்தது, அண்ணன் எழுந்து போனான், மறுநாள் முதல் கார்ட்டூனே இல்லாமல் போயிற்று. ஒரு வரிக்கு இத்தனை வலிமையா என்று எந்தக் குழந்தைக்கும் தோன்றும். அதை மந்திரம் போல மனப்பாடம் செய்து, விருந்தினர் முன்னால் சொல்லிப் பார்த்திருக்கிறாள். மந்திரம் பலிக்கிறதா என்று சோதித்திருக்கிறாள். உங்கள் முகம் மறுபடி மாறியதும், பலிக்கிறது என்று உறுதி செய்துகொண்டாள். இதில் ஆபாசம் எள்ளளவும் இல்லை. தன் வீட்டின் பெரிய புதிரை அவிழ்க்கப் பார்க்கும் புத்திசாலிக் குழந்தை அவள்.

குழந்தைகள் படத்தில் இதை ஏன் வைக்கிறார்கள் என்று கேட்டிருக்கிறீர்கள். இதற்கு விரிவாகவே பதில் சொல்ல விரும்புகிறேன். ஏனென்றால், யாரோ ஒருவர் உங்கள் குழந்தையைக் கெடுப்பதற்காகத் திட்டமிட்டு அந்த வரியை எழுதினார் என்ற எண்ணம்தான் உங்களை அதிகம் கலங்க வைத்திருக்கிறது என்று கடிதத்தைப் படித்தபோது உணர்ந்தேன்.

நாம் குழந்தைகளுக்கானவை என்று நினைக்கும் பழைய கார்ட்டூன்கள் பல, குழந்தைகளுக்காக எடுக்கப்பட்டவையே அல்ல. டாம் அண்ட் ஜெர்ரி 1940-இல் தொடங்கியபோது அது திரையரங்குகளில் முழுநீளப் படத்துக்கு முன்னால் காட்டப்பட்ட குறும்படம். பக்ஸ் பன்னி, டாஃபி டக் எல்லாமே அப்படித்தான். வேலை முடிந்து படம் பார்க்க வந்த ஆண்களும் பெண்களும்தான் முதல் ரசிகர்கள். குழந்தைகளும் உடன் இருந்தார்கள், அவ்வளவே. பல ஆண்டுகள் கழித்துத் தொலைக்காட்சி வந்து, நிகழ்ச்சி நேரத்தை நிரப்ப இந்தப் பழைய பெட்டிகளைத் திறந்தபோதுதான் அவை குழந்தைகளின் சொத்தாயின. தொலைக்காட்சிக்கென்றே எடுக்கப்பட்ட தி ஃப்ளிண்ட்ஸ்டோன்ஸ் கூட 1960-இல் அமெரிக்காவில் இரவு நேரத்தில், குடும்பம் முழுவதும் பார்க்கும் பொழுதில்தான் ஒளிபரப்பானது. அதன் தொடக்க கால விளம்பரதாரர்களில் ஒன்று சிகரெட் நிறுவனம். கார்ட்டூன் நாயகன் ஃப்ரெட் விளம்பரத்தில் சிகரெட் பிடித்தான். இன்று அதைப் பார்த்தால் நமக்குப் பகீரென்கிறது.

ஒளித்து வைக்கும் பழக்கம் தணிக்கையால் வளர்ந்தது. 1930-இல் வந்த பெட்டி பூப் என்ற கார்ட்டூன் பெண் குட்டைப் பாவாடையும் கொஞ்சல் பேச்சுமாக வெளிப்படையாகவே வலம் வந்தாள். ஹாலிவுட்டின் ஒழுக்க விதிகள் 1934-இல் கறாராக அமலுக்கு வந்ததும் அவள் பாவாடை நீண்டது, குணமும் அடங்கியது. அதன் பிறகு எழுத்தாளர்கள் வெளிப்படையாகச் சொல்ல முடியாததை மறைத்துச் சொல்லக் கற்றுக்கொண்டார்கள். 1942-இல் வந்த ஒரு குறும்படத்தில் ஒரு பூனையிடம் அதன் கூட்டாளி 'பறவையைக் கொடு' என்று கத்துகிறது. அந்த ஆங்கிலத் தொடருக்கு, அவமதிக்கும் ஒரு செய்கை என்ற பொருளும் உண்டு. பூனை நம்மைப் பார்த்துத் திரும்பி, தணிக்கை அலுவலகம் மட்டும் அனுமதித்தால் கொடுத்திருப்பேன் என்கிறது. பின்னாளில் ட்வீட்டி என்று உலகம் கொண்டாடிய பறவைக் குஞ்சு முதன்முதலில் வந்த படம் அது. அப்போது அது சிறகில்லாமல் ரோஜா நிறத்தில் இருந்தது. பார்க்க நிர்வாணமாக இருக்கிறது என்று ஆட்சேபம் எழவே, மஞ்சள் சிறகு போர்த்தினார்கள். குஞ்சுப் பறவையின் நிர்வாணம் பற்றிக் கவலைப்பட்ட காலத்தில்தான் இந்தக் கண்ணாமூச்சி விளையாட்டு ஒரு கலையாகவே வளர்ந்தது.

தொலைக்காட்சி நிறுவனங்களிலும் எழுத்தை வரி வரியாகப் பார்த்து வெட்டும் பிரிவு உண்டு. ஒரு வரியைக் காப்பாற்றுவதற்காக அதைவிட மோசமான ஒரு வரியை வேண்டுமென்றே எழுதி வைத்து, அதை வெட்டக் கொடுத்துவிட்டு, வேண்டியதைத் தப்பிக்க வைத்த கதையை எழுத்தாளர்கள் சொல்லியிருக்கிறார்கள். 1993-இல் தொடங்கிய அனிமேனியாக்ஸ் தொடரில் துப்பறியும் காட்சி ஒன்று உண்டு. 'பிரிண்ட்ஸ்' தேடு, அதாவது கைரேகைத் தடயம் தேடு என்று சகோதரன் சொல்ல, தங்கை டாட் 'பிரின்ஸ்' என்ற பாடகரையே தூக்கிக்கொண்டு வந்து நிற்கிறாள். குழந்தைக்குச் சிரிப்பு அங்கேயே முடிந்துவிடுகிறது: ஒன்றைக் கேட்டால் இன்னொன்றைக் கொண்டு வந்து நிற்கும் அசட்டுத்தனம். அடுத்த வரியில் சகோதரன் திருத்துவதும் தங்கை மறுப்பதும் பெரியவர்களுக்கானவை. குழந்தைக்கு அந்த வரி, முதல் சிரிப்பின் எதிரொலியாகவே கடந்து போகிறது. நன்றாகச் செய்யப்பட்ட இரண்டடுக்கு நகைச்சுவை இப்படித்தான் இருக்கும். கீழடுக்கு தன்னளவில் முழுமையாக இருக்கும். மேலே ஒரு தளம் இருப்பதே குழந்தைக்குத் தெரியாது.

இதற்கு நல்ல நோக்கமும் உண்டு. 1969-இல் தொடங்கிய செசமி ஸ்ட்ரீட் என்ற குழந்தைகள் தொலைக்காட்சித் தொடரை உருவாக்கியவர்கள், பெற்றோரும் உட்கார்ந்து பார்த்தால் குழந்தை அதிகம் கற்றுக்கொள்ளும் என்று நம்பி, பெரியவர்களுக்குப் பிடிக்கும் கேலிகளையும் பிரபலங்களையும் திட்டமிட்டே சேர்த்தார்கள். அதில் ஆபாசம் இல்லை. அம்மா அப்பா அறையை விட்டு எழுந்து போகாமல் இருப்பதற்கான அழைப்பு இருந்தது. என் பார்வையில், பெற்றோரைக் குழந்தையின் பக்கத்தில் உட்கார வைக்கும் நகைச்சுவை மதிப்புக்குரியது. வெட்டுகிறவரை ஏமாற்றிவிட்டேன் என்று எழுத்தாளர் தனக்குத்தானே தட்டிக்கொடுத்துக்கொள்ளும் நகைச்சுவை எனக்கு உவப்பானதல்ல. உங்கள் கணவரைச் சிரிக்க வைத்தது இந்த இரண்டில் எது என்று உங்களுக்குத் தெரியும். எதுவாக இருந்தாலும் குறி வைக்கப்பட்டவர் அவர்தான், உங்கள் மகள் அல்ல.

டப்பிங் பற்றியும் ஒரு வார்த்தை. சொல் விளையாட்டு மொழி மாறினால் பெரும்பாலும் செத்துவிடும். மேலே சொன்ன பிரின்ஸ் நகைச்சுவையைத் தமிழில் சொல்லிப் பாருங்கள், இரண்டடுக்கும் சேர்ந்தே இடிந்துவிடும். ஆனால் செத்த இடத்தை நிரப்புவதற்கு மொழிமாற்ற எழுத்தாளர் தாமாக ஒன்றை எழுதுவார். மூலத்தில் கண்ணியமாக இருந்த காட்சியில் மொழிமாற்றத்தில் கொச்சை புகுந்துவிடுவதும் உண்டு. மூலத்துக்கு நல்ல பெயர் இருக்கிறதே என்று டப்பிங்கை நம்பிவிடாதீர்கள். குழந்தை எந்த மொழியில் பார்க்கிறதோ அந்த மொழியில் நீங்களும் பத்து நிமிடம் கேளுங்கள்.

நீங்கள் இணையத்தில் படித்த பட்டியல்களுக்கு வருகிறேன். அவற்றில் உண்மையும் இருக்கிறது. தி ரெஸ்க்யூயர்ஸ் என்ற 1977 டிஸ்னி படத்தின் வீடியோவில், பின்னணியில் ஒரு ஜன்னலில் நிர்வாணப் பெண்ணின் புகைப்படம் இரண்டே ஃப்ரேம்களில் இருந்தது உண்மை. 1999-இல் அந்த நிறுவனமே ஏறத்தாழ 34 லட்சம் வீடியோக்களைத் திரும்பப் பெற்றது. ஆனால் கணக்குப் பாருங்கள். ஒரு நொடிக்கு 24 ஃப்ரேம்கள் ஓடுகின்றன. படத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்த பெரியவரின் கண்ணுக்குத்தான் அது அகப்பட்டது.

பட்டியல்களில் மீதி பலவும் வேறு வகை. 1994-இல் வந்த தி லயன் கிங் படத்தில் தூசி பறந்து வானத்தில் ஓர் ஆங்கில ஆபாசச் சொல்லாகத் தெரிகிறது என்றார்கள். அது சிறப்புக் காட்சிப் பிரிவின் பெயர்ச் சுருக்கம் என்று படத்தை எடுத்தவர்கள் தரப்பில் சொன்னார்கள். 1992-இல் வந்த அலாதீனில் முணுமுணுப்பாக வரும் ஒரு வசனத்தில் ஆபாசம் கேட்கிறது என்றார்கள். இப்படித்தான் கேட்கும் என்று முன்கூட்டியே சொல்லிவிட்டால் அப்படியேதான் கேட்கும். மேகத்தில் முகம் தெரிவதும் இப்படித்தான். நீங்கள் அந்தப் பட்டியல்களை இரவு முழுக்கப் படித்திருக்கிறீர்கள். இனி எந்தக் கார்ட்டூனைப் பார்த்தாலும் உங்கள் கண் ஒளிந்திருப்பதையே தேடும். அந்தத் தேடல்தான் எனக்குக் கவலை தருகிறது. ஏனென்றால் அது உங்கள் கண்ணை வேறொரு இடத்திலிருந்து திருப்பிவிடுகிறது.

ஒளிந்திருப்பது குழந்தைக்குத் தெரியாது. ஒளியாமல் இருப்பது அதற்குத் தெளிவாகத் தெரியும். இத்தனை ஆண்டுகள் குழந்தைகளுடன் உட்கார்ந்து பேசியதில் நான் உறுதியாக நம்புவது இது.

பெப்பே லெ ப்யூ என்ற கார்ட்டூன் ஸ்கங்க் (முதுகில் வெள்ளைப் பட்டையுள்ள, துர்நாற்றம் வீசும் விலங்கு) 1945-இல் அறிமுகமானது. 1949-இல் வந்த அதன் படம் ஒன்றுக்கு ஆஸ்கர் விருதும் கிடைத்தது. அதில் கிட்டத்தட்ட எல்லாக் கதையும் ஒன்றுதான். முதுகில் தற்செயலாக வெள்ளைச் சாயம் பட்ட ஒரு பெண் பூனையைத் தன் இனம் என்று நினைத்து அது துரத்துகிறது. பூனை ஓடுகிறது, திமிறுகிறது, ஒளிந்துகொள்கிறது. பெப்பே கட்டிப்பிடித்து முத்தமிட்டுக்கொண்டே இருக்கிறது. அந்தப் பிரெஞ்சு கலந்த வசனங்களில் பெரியவர்களுக்கான சாடைகள் நிறைய உண்டு. அவை எதுவும் 7 வயதுக்கு எட்டாது. ஆனால் வேண்டாம் என்று ஓடுகிறவளை விடாமல் துரத்துவது வேடிக்கை என்பது 4 வயதுக் குழந்தைக்கும் எட்டும். இப்படிப்பட்ட தொடர்களைத் தணிக்கை செய்தவர்கள் வசனத்தை எல்லாம் சல்லடை போட்டுச் சலித்தார்கள். துரத்தலை யாரும் வெட்டவில்லை.

டாம் அண்ட் ஜெர்ரியிலும் இதைப் பார்க்கலாம். 2006-இல் பிரிட்டனில் ஒரு பார்வையாளர், டாம் ஒரு பெண் பூனையைக் கவர்வதற்காகச் சிகரெட் சுருட்டிப் புகைக்கும் காட்சி பற்றி ஒளிபரப்புக் கண்காணிப்பு அமைப்பான ஆஃப்காமிடம் புகார் செய்தார். ஒளிபரப்பு நிறுவனம் பழைய படங்களை எல்லாம் மறுபடி பார்த்து, புகைத்தலைப் பெருமையாகக் காட்டும் காட்சிகளை வெட்ட ஒப்புக்கொண்டது. எனக்கு அந்தப் புகார் மிகை என்று தோன்றவில்லை. புகைத்தால் பெண்ணுக்குப் பிடிக்கும் என்பதில் மறைபொருள் எதுவும் இல்லை, காட்சியே அதுதான். அதே தொடரின் பழைய படங்களில் வரும் கறுப்பினப் பணிப்பெண்ணின் சித்திரிப்பு, வெடி வெடித்து முகம் கரியானதும் கறுப்பினத்தவரைக் கேலி செய்வதுபோல் மாறும் பாத்திரங்கள் எல்லாமே வெளிப்படையானவை. குண்டாக இருப்பவனைப் பார்த்துச் சிரிப்பது, திக்கிப் பேசுகிறவனைப் பார்த்துச் சிரிப்பது, அழுகிறவனைப் பார்த்துச் சிரிப்பது ஆகியவையும் அப்படியே.

ஒரு முறை ஒரு சிறுவனை என்னிடம் அழைத்து வந்தார்கள். உடன் படிக்கும் சிறுமியின் கையை விடாமல் பிடித்து இழுத்துக்கொண்டே இருந்தான். அவள் அழுதும் விடவில்லை. அவள் அழுதாளே என்று கேட்டேன். "கடைசியில் சிரித்துவிடுவாள்" என்றான். எத்தனை நிச்சயம் அந்தக் குரலில்! கார்ட்டூன்தான் இதற்குக் காரணம் என்று நான் சொல்லமாட்டேன். அவன் வாழ்க்கையில் வேறு பலவும் இருந்தன. ஆனால் கடைசியில் சிரித்துவிடுவாள் என்ற முடிவு எங்கிருந்தோ அவனுக்குக் கிடைத்திருந்தது. அது எந்த இரட்டை அர்த்த வசனத்திலும் இல்லை.

அதனால் பிள்ளைகளுடன் உட்காரும்போது இந்தப் பக்கம் கண் வையுங்கள். நிறுத்த வேண்டாம், அணைக்க வேண்டாம். "அந்தப் பூனைக்கு இது பிடித்திருக்கிறதா?" என்று மட்டும் கேளுங்கள். ஒரே கேள்வி, அதற்கு மேல் பாடம் நடத்தாதீர்கள். இல்லை என்று உங்கள் மகளே சொல்வாள்.

இனி அவளுடைய கேள்வி. அப்பா ஏன் சிரித்தார் என்பதற்கு உண்மையான பதிலே போதும். "அது பெரியவர்களுக்காக வைத்த வேடிக்கை. அந்த வார்த்தைக்கு இன்னொரு அர்த்தம் உண்டு. நீ பெரியவளானதும் அது உனக்கே புரியும். அம்மா அன்றைக்குப் பதறிப்போய் அணைத்துவிட்டேன், அணைத்திருக்க வேண்டாம்." இதைக் கோலம் போடும்போது பேசுவதுபோலச் சாதாரணக் குரலில் சொல்லுங்கள். கடைசி வாக்கியத்தை விட்டுவிடாதீர்கள். தான் ஏதோ தப்புச் செய்துவிட்டோம் என்ற எண்ணம் அவளுக்குள் இருக்கக்கூடும். அதைக் கழற்றுவது அந்த வாக்கியம்தான்.

"அது என்ன அர்த்தம்?" என்று அவள் மேலும் கேட்கலாம். முதலில், "நீ என்ன என்று நினைத்தாய்?" என்று கேளுங்கள். நாம் நினைப்பதற்கும் அவர்கள் நினைப்பதற்கும் மலைக்கும் மடுவுக்குமான தூரம் இருக்கும். பெரும்பாலும் அவள் சொல்லும் விளக்கம் கள்ளமற்றதாக இருக்கும். சரி என்று அதோடு விட்டுவிடலாம். "பெரியவர்கள் கணவன் மனைவியாக அன்பு காட்டிக்கொள்வதைப் பற்றிய கேலி அது, எல்லோர் முன்னாலும் பேசுகிற விஷயம் இல்லை" என்பதுவரை 7 வயதில் சொல்லலாம். அதற்கு மேல் வேண்டியதில்லை. பொய் மட்டும் சொல்லிவிடாதீர்கள். அந்தப் பொய்யை அவள் ஒருநாள் கண்டுபிடிப்பாள். இந்த மாதிரி விஷயத்தை அம்மாவிடம் கேட்டுப் பயனில்லை என்று அன்றைக்கே முடிவு செய்துவிடுவாள்.

விருந்தினர் முன்னால் மறுபடி சொன்னால், முகத்தை மாற்றாமல், "அது வீட்டுக்குள் பேசியது கண்ணு, இங்கே வேண்டாம்" என்று சொல்லிவிட்டு வேறு பேச்சுக்குப் போங்கள். மந்திரம் பலிக்கவில்லை என்று தெரிந்தால் ஓரிரு வாரத்தில் அவளே மறந்துவிடுவாள்.

உங்கள் மகனைப் பற்றி நீங்கள் ஒரே வரிதான் எழுதியிருக்கிறீர்கள். எனக்கோ கடிதம் முழுவதிலும் அந்த வரிதான் முக்கியமாகப் பட்டது. ஒரு மாதிரியாகச் சிரித்துக்கொண்டு எழுந்து போனான் என்கிறீர்கள். 11 வயதில் பாதி புரியும். மீதியைப் பள்ளியில் கேட்ட அரைகுறைப் பேச்சாலும் கற்பனையாலும் நிரப்பிக்கொள்வார்கள். அப்படி நிரப்பியதில் தவறான செய்தியும் பயமும் பெண்களைப் பற்றிய இழிவான எண்ணமும் கலந்திருக்கலாம். அந்த அறையில் உதவி தேவைப்பட்டவன் அவன்தான். அவனை யாரும் கவனிக்கவில்லை.

அவனிடம் உங்கள் கணவர் பேசட்டும். சிரித்தவர் அவர், அவர் பேசுவதுதான் பொருத்தம். எதிரும் புதிருமாக உட்கார வைத்து வேண்டாம். நடந்து போகும்போதோ ஏதாவது வேலை செய்துகொண்டிருக்கும்போதோ, கண்ணைக் கண் பார்க்காத நேரத்தில் பேச்சு எளிதாக வரும். "அன்றைக்கு நான் சிரித்தது உனக்குப் புரிந்தது என்று நினைக்கிறேன். உனக்கு என்ன புரிந்தது?" என்று தொடங்கலாம். அவன் சொல்வதில் தவறானதைத் திருத்தி, உடலைப் பற்றியும் பருவ மாற்றத்தைப் பற்றியும் நேரான சொற்களில் சொல்ல இது கிடைத்தற்கரிய வாய்ப்பு. இந்தப் பேச்சை எப்படித் தொடங்குவது என்று தெரியாமல் ஆண்டுக்கணக்கில் தள்ளிப்போடும் தந்தைகளை நான் பார்த்திருக்கிறேன். உங்கள் கணவருக்கு ஒரு கார்ட்டூன் வாசலைத் திறந்துவிட்டிருக்கிறது. தங்கைக்கு அதை விளக்குகிற வேலை உன்னுடையது அல்ல என்பதையும் அவனிடம் சொல்லிவிட வேண்டும்.

அடுத்து, வேறு வகைக் கார்ட்டூன்கள். தி சிம்ப்ஸன்ஸ் 1989-லும் சௌத் பார்க் 1997-லும் தனித் தொடர்களாக வந்தன. இவை குழந்தைகள் படத்தில் ஒளித்து வைத்த பெரியவர் நகைச்சுவை அல்ல. பெரியவர்களுக்காகவே எடுத்தவை, கோட்டோவியமாக இருப்பதால் குழந்தைகள் படம் போலத் தெரிகின்றன. முதலாவதையாவது குடும்பமாகப் பார்க்கிற வீடுகள் உண்டு. இரண்டாவதில் வன்மமும் வசையும் நேரடியாகவே வரும். அமெரிக்காவில் 1997 முதல் நிகழ்ச்சிகளுக்கு வயதுக் குறியீடு போடுகிறார்கள். டிவி-ஒய்7 என்றால் கற்பனையையும் நிஜத்தையும் பிரித்தறியத் தொடங்கிய, 7 வயதும் அதற்கு மேலும் ஆன குழந்தைகளுக்கு. டிவி-எம்ஏ என்றால் பெரியவர்களுக்கு. படம் வரைந்த விதத்தைப் பார்க்காதீர்கள், குறியீட்டைப் பாருங்கள்.

இதைவிட மோசமானது கைப்பேசியில் ஒன்றன்பின் ஒன்றாகத் தானே ஓடும் காணொளிகள். குழந்தைகளுக்குப் பழக்கமான பாத்திரங்களைத் திருடி வன்முறையும் ஆபாசமும் சேர்த்து எடுத்த காணொளிகள் யூடியூபில் பெருகிக் கிடந்தது 2017-இல் அம்பலமாகி, நிறையக் காணொளிகள் நீக்கப்பட்டன. அங்கே எழுத்தை வெட்டுகிற பிரிவும் இல்லை, ஒளித்து வைக்கிற நாகரிகமும் இல்லை. கூடத்தில் எல்லோரும் சேர்ந்து பார்த்த பழைய தொடருக்கும், போர்வைக்குள் தனியாகப் பார்க்கும் கைப்பேசிக்கும் நடுவில் எதற்குத் தடை போடுவது என்று என்னைக் கேட்டால், நான் ஒரு நொடிகூட யோசிக்கமாட்டேன். நீங்கள் தடை போட்டது பாதுகாப்பான பக்கத்துக்கு.

ஒன்றை மட்டும் கவனித்து வாருங்கள். ஒரு வசனத்தைக் கிளிப்பிள்ளை போலத் திருப்பிச் சொல்வது வேறு. தன் வயதுக்கு மீறிய உடலுறவு விவரங்களைக் குழந்தை தன் சொற்களில் சொல்வது, பொம்மைகளை வைத்தோ மற்றக் குழந்தைகளிடமோ அதைச் செய்து காட்டுவது, ஒரு குறிப்பிட்ட ஆளைக் கண்டு ஒடுங்குவது, இது நமக்குள் ரகசியம் என்று யாரோ சொன்னதாகச் சொல்வது ஆகியவை வேறு. இவை இரட்டை அர்த்த வசனத்திலிருந்து வருவதில்லை. கார்ட்டூன்மேல் பழியைப் போட்டுவிட்டு உண்மையான காரணத்தைத் தவறவிட்ட குடும்பங்கள் உண்டு. அப்படி ஏதும் தென்பட்டால் திட்டாமல், துருவாமல், அது எங்கிருந்து வந்தது என்று அமைதியாகக் கேட்டுவிட்டு உடனே குழந்தைகள் மனநல மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள். உங்கள் கடிதத்தில் இப்படிப்பட்ட அறிகுறி எதுவும் இல்லை.

நிறுத்தி வைத்த தொடரை என்ன செய்வது? அணைத்த இடத்திலிருந்தே மறுபடி போடுங்கள். தடையை நீக்குகிறேன் என்று அறிவித்துவிட்டு, நால்வரும் சேர்ந்து உட்காருங்கள். அந்த வசனம் மறுபடி வரும்போது உங்கள் மகள் திரையைப் பார்க்கமாட்டாள், உங்கள் முகத்தைத்தான் பார்ப்பாள். உங்களுக்குச் சிரிப்பு வந்தால் சிரியுங்கள். வராவிட்டால் பேசாமல் பார்த்துக்கொண்டிருங்கள். அடுத்த காட்சி வந்துவிடும்.

உங்கள் கணவர் மகனிடம் பேசியபின் எனக்கு ஒரு வரி எழுதுங்கள். அவன் என்ன கேட்டான் என்று அறிய ஆவலாக இருக்கிறேன்.